அகுஸ்தின் கொன்சாலெஸ்: வெற்றிக்கும் சமாதானத்துக்கும் இடையில் நின்ற துணை நடிகர்

ஸ்பானிய சினிமா பார்ப்பவர்கள் பலருக்கு அவரது முகம் தெரியும், பெயர் தெரியாது. வழுக்கைத் தலை, மீசை, கரகரத்த குரல். எந்த நேரமும் கோபத்தில் வெடித்துவிடப் போகிறார் என்று நினைக்கவைக்கும் உடல்மொழி. பாதிரியார், இராணுவ அதிகாரி, பண்ணை நிர்வாகி, ஹோட்டல் முகாமையாளர், வங்கி உத்தியோகத்தர் எனக் கதையின் ஓரத்தில் நிற்கும் மனிதர்களாகவே அரை நூற்றாண்டு நடித்தவர் அகுஸ்தின் கொன்சாலெஸ். நூற்றுக்கும் மேற்பட்ட திரைப்படங்கள், கணக்கற்ற மேடை நாடகங்கள், தொலைக்காட்சி நிகழ்ச்சிகள். போஸ்டரில் அவரது பெயர் பெரும்பாலும் மூன்றாவது அல்லது நான்காவது வரியில்தான் இருக்கும்.

ஆனால் 1936 முதல் 1939 வரை ஸ்பெயினைச் சிதைத்த உள்நாட்டு யுத்தமும், அதன் பின் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் நீடித்த பிராங்கோவின் ஆட்சியும் சாதாரண மனிதர்களை என்ன செய்தன என்பதை அறிய விரும்பும் ஒருவருக்கு, இந்த ஒரு நடிகரின் படங்களை வரிசையாகப் பார்ப்பது ஒரு நல்ல வழி. வென்றவர்களின் ஆட்களாகவும் தோற்ற வீட்டின் தகப்பனாகவும் அவர் நடித்தார். இரண்டையும் ஒரே முகத்தில் பார்க்கும்போது கிடைக்கும் புரிதலை வரலாற்று நூல்களில் எளிதாகப் பெறமுடியாது.

தடைசெய்யப்பட்ட நாடகத்தில் தொடக்கம்

அகுஸ்தின் கொன்சாலெஸ் 1930 மார்ச் 24ஆம் திகதி, தெற்கு ஸ்பெயினின் ஹாயென் மாகாணத்திலுள்ள லினாரெஸ் என்னும் சுரங்க நகரில் பிறந்தார். யுத்தம் தொடங்கியபோது அவருக்கு ஆறு வயது. முடிந்தபோது ஒன்பது. அவரது பாடசாலைப் பருவமும் இளமையும் முழுதாகவே வென்றவர்களின் ஆட்சிக்குள் கழிந்தன.

அந்தக் காலத்தில் ஸ்பெயினில் ஒரு நாடகம் மேடையேறுவதற்குத் தணிக்கை அதிகாரிகளின் அனுமதி வேண்டும். அனுமதி கிடைத்த பின்னரும் அது நிலைக்கும் என்பதற்கு உத்தரவாதமில்லை. பல்கலைக்கழக நாடகக் குழுக்களின் வழியாக மேடைக்கு வந்த கொன்சாலெஸுக்கு இந்தப் பாடம் மிக விரைவிலேயே கிடைத்தது. 1953 மார்ச்சில் மட்ரிட்டின் மரியா கெர்ரேரோ அரங்கில், அல்போன்சோ சாஸ்த்ரே எழுதிய ‘எஸ்குவாத்ரா ஹாசியா லா முவெர்த்தே’ (மரணத்தை நோக்கிய படைப்பிரிவு) என்னும் நாடகம் மேடையேறியது. கற்பனையான மூன்றாம் உலகப் போரில், தண்டனையாக முன்னரணுக்கு அனுப்பப்பட்ட ஒரு சிறு படைப்பிரிவின் கதை அது. தம்மை வதைக்கும் கோப்ரலைச் சிப்பாய்களே கொன்றுவிடுகிறார்கள். நடித்த இளைஞர்களுள் கொன்சாலெஸும் ஒருவர். பின்னாளில் புகழ்பெற்ற அடோல்போ மார்சிலாக், பெர்னாண்டோ கியென் ஆகியோரும் அதில் இருந்தனர். மூன்று காட்சிகளுடன் நாடகம் நிறுத்தப்பட்டது. இராணுவத்தை இழிவுபடுத்துகிறது என்பதே அதன் மீதான குற்றச்சாட்டு.

இத்தகைய தொடக்கத்தைக் கண்ட ஒருவர், எதை நேரடியாகச் சொல்லலாம், எதைப் பகிடிக்குள் ஒளித்துவைக்கவேண்டும் என்பதை வாழ்நாள் முழுதும் மறக்கமாட்டார். 1950களின் நடுப்பகுதியில் அவர் திரைப்படங்களுக்குள் வந்தபோது ஸ்பானிய சினிமாவின் மிகச் சிறந்த படைப்பாளிகளும் அந்த வித்தையைத்தான் பழகிக்கொண்டிருந்தார்கள்.

துணை நடிகர்களால் ஆன சினிமா

ஸ்பானிய மொழியில் துணை நடிகரை ‘ஆக்தோர் தெ ரெபார்த்தோ’ என்பார்கள். ‘ரெபார்த்தோ’ என்றால் பங்கீடு. பாத்திரங்கள் பங்கிடப்படும்போது ஒரு பங்கைப் பெற்றவர் என்று பொருள். இந்தச் சொல் அந்த நாட்டுச் சினிமாவுக்கு நன்றாகப் பொருந்துகிறது. 1960களின் சிறந்த ஸ்பானிய நகைச்சுவைப் படங்கள் பலவற்றில் ஒரு நாயகன் கதையைத் தனியே தோளில் சுமப்பதில்லை. பத்துப் பதினைந்து பேர் அதைப் பங்குபோட்டுச் சுமக்கிறார்கள்.

இதற்குத் தொழில்நுட்பக் காரணமும் உண்டு. இயக்குநர் லூயிஸ் கார்சியா பெர்லாங்கா காட்சிகளைச் சிறு துண்டுகளாக வெட்டாமல் நீண்ட ஒற்றை ஷொட்டுகளாக எடுப்பவர். கமரா ஓர் அறைக்குள் நுழையும். எட்டுப் பேர் ஒரே நேரத்தில் பேசுவார்கள். ஒருவர் கதவால் வெளியேற இன்னொருவர் உள்ளே வருவார். இதில் யாராவது ஒருவர் ஒரு கணம் பிந்தினால் முழு ஷொட்டும் வீண். எடிட்டிங் மேசையில் காப்பாற்ற வழியில்லை. ஆகவே மூன்று வசனம் மட்டும் உள்ள பாத்திரத்துக்கும் மேடையில் பழுத்த நடிகர் தேவைப்பட்டார். மேடையில் வளர்ந்த கொன்சாலெஸ், ஹோசே லூயிஸ் லோபெஸ் பாஸ்கெஸ், மனுவேல் அலெக்சாந்த்ரே போன்றவர்கள் அந்தப் படங்களில் திரும்பத் திரும்ப வந்ததற்கு இதுவே காரணம்.

பெர்லாங்காவின் ‘பிளாசிடோ’ (1961) இதற்கு நல்ல உதாரணம். நத்தார் இரவில் ஒரு சிறு நகரத்தின் வசதியானவர்கள் ஆளுக்கொரு ஏழையைத் தங்கள் சாப்பாட்டு மேசைக்கு அழைக்கிறார்கள். இந்தத் தர்மக் கொண்டாட்டத்துக்கு வாடகைக்கு அமர்த்தப்பட்டிருக்கும் பிளாசிடோ என்னும் ஏழையோ, தன் மூன்று சக்கர மோட்டார் வண்டிக்கான தவணைப் பணத்தைக் கட்டமுடியாமல் நகரெங்கும் அலைகிறான். கொடுப்பவர்களின் படம் பிடிக்கும் ஆசைக்கும், பெறுபவனின் உண்மையான தேவைக்கும் இடையிலான தூரம்தான் கதை. நிவாரணம் கொடுப்பதை ஒரு நிகழ்ச்சியாக்கிப் பார்த்த எவருக்கும் இந்தப் படம் உடனே விளங்கும். அந்தக் கூட்டத்துக்குள் கொன்சாலெஸும் ஒருவர். படம் வெளிநாட்டு மொழிப் பிரிவில் ஒஸ்காருக்குப் பரிந்துரைக்கப்பட்டது.

அடுத்த ஆண்டு வெளியான ‘அத்ராக்கோ ஆ லாஸ் த்ரேஸ்’ (மூன்று மணிக் கொள்ளை) படத்தில், தாம் வேலை செய்யும் வங்கியையே கொள்ளையடிக்கத் திட்டமிடும் குறைந்த சம்பள உத்தியோகத்தர்களுள் ஒருவராக வந்தார். இன்றும் ஸ்பெயினில் பலர் திரும்பத் திரும்பப் பார்க்கும் நகைச்சுவைப் படம் அது.

கத்தும் குருவானவரும் வாசிக்கும் குருவானவரும்

1975 நவம்பர் 20ஆம் திகதி பிராங்கோ இறந்தார். 1977இல் திரைப்படத் தணிக்கை நீக்கப்பட்டது. மறுவருடமே பெர்லாங்கா ‘லா எஸ்கொப்பேத்தா நசியோனால்’ (தேசியத் துப்பாக்கி) படத்தை வெளியிட்டார். தானியங்கிக் கதவுத் தொலைபேசி விற்கும் ஒரு கற்றலான் வியாபாரி, அமைச்சர்களின் தயவைப் பெறுவதற்காகத் தன் செலவில் ஒரு பிரபுவின் பண்ணையில் வேட்டை விருந்து ஏற்பாடு செய்கிறான். ஆட்சியின் முழுக் கட்டமைப்பும் அந்தப் பண்ணைக்கு வந்து சாப்பிடுகிறது: அமைச்சர்கள், பிரபுக்கள், தரகர்கள், மதகுரு.

அந்த மதகுரு பாத்ரே கால்வோவாக நடித்தவர் கொன்சாலெஸ். அவருக்குப் பெரும் புகழ் கொடுத்த பாத்திரம் இது. பாத்ரே கால்வோ பேசுவதில்லை, கத்துகிறார். அறிவுரை சொல்வதில்லை, அதட்டுகிறார். பிராங்கோ ஆட்சியின் தூண்களுள் ஒன்றாகத் திருச்சபை இருந்த காலத்தில் வளர்ந்த பார்வையாளர்களுக்கு, அந்தக் குரலைக் கேட்டுச் சத்தமாகச் சிரிக்க முடிந்ததே ஒரு விடுதலை. இதன் தொடர்ச்சியாக வந்த ‘பத்ரிமோனியோ நசியோனால்’ (1981), ‘நசியோனால் மூன்று’ (1982) ஆகியவற்றிலும் அவர் நடித்தார்.

பதினான்கு ஆண்டுகளின் பின் அவர் இன்னொரு குருவானவராக வந்தார். பெர்னாண்டோ ட்ருவேபாவின் ‘பெல் எபோக்’ (1992) 1931ஆம் ஆண்டில், மன்னராட்சி வீழ்ந்து குடியரசு பிறக்கும் நாட்களில் நடக்கிறது. படையிலிருந்து தப்பியோடிய ஓர் இளைஞன், ஒரு முதிய ஓவியரின் வீட்டில் அடைக்கலம் பெறுகிறான். ஓவியரின் நான்கு மகள்மார்மீதும் மாறிமாறிக் காதல் கொள்கிறான். இளைய மகளாக வந்தவர் அன்று புதுமுகமான பெனலோப் குரூஸ். கொன்சாலெஸின் பங்குத்தந்தை தொன் லூயிஸ், சுவையாகச் சாப்பிடுவார், சீட்டாடுவார், தத்துவஞானி உனமூனோவை வாசிப்பார். எவருக்கும் தீங்கு நினைக்காத மனிதர். வெயிலும் சிரிப்பும் நிறைந்த அந்தப் படத்தின் முடிவில் அவர் தேவாலயத்துக்குள் தூக்கிட்டு இறந்து கிடக்கிறார்.

ஐந்து வருடங்களுக்குள் யுத்தம் வரப்போகிறது என்பது படத்தில் இருப்பவர்களுக்குத் தெரியாது, பார்க்கும் ஸ்பானியருக்குத் தெரியும். அந்த மரணம் அதன் முன்னறிவிப்பு. ஒரே நடிகர் ஒரு குருவானவரை அதிகாரத்தின் ஒலிபெருக்கியாகவும், இன்னொருவரைச் சந்தேகத்தில் உடைந்த மனிதராகவும் காட்டினார். இரண்டிலும் அங்கி ஒன்றுதான். இந்தப் படம் 1994இல் சிறந்த வெளிநாட்டு மொழிப் படத்துக்கான ஒஸ்காரை வென்றது.

மேலே பணிபவன், கீழே உதைப்பவன்

அதிகாரத்தில் இருப்பவனுக்கும் அதன் கீழ் நசுங்குபவனுக்கும் இடையில் ஒருவன் இருப்பான். மேலிடத்துக்குப் பணிவான், கீழிடத்தை அதட்டுவான். இந்த இடைத்தட்டு மனிதனைக் கொன்சாலெஸ் அளவுக்கு நுணுக்கமாகக் காட்டியவர்கள் குறைவு.

மிகுவேல் டெலிபெஸின் நாவலைத் தழுவி மரியோ காமுஸ் இயக்கிய ‘லோஸ் சாந்தோஸ் இனோசென்தேஸ்’ (புனித அப்பாவிகள், 1984) 1960களின் எக்ஸ்திரெமதுரா பண்ணை ஒன்றில் நடக்கிறது. நிலமற்ற கூலிக் குடும்பம் ஒன்று அங்கு அடிமைகளைப் போல வாழ்கிறது. பாக்கோ என்னும் தகப்பன், வேட்டையில் விழுந்த பறவையை நாய்போல நிலத்தை மோந்து தேடிக்கொடுக்கிறான். முதலாளி இவான் அதைப் பெருமையோடு விருந்தினருக்குக் காட்டுகிறான். பண்ணை நிர்வாகி தொன் பெத்ரோவாக வருபவர் கொன்சாலெஸ். தன் மனைவிக்கும் முதலாளிக்கும் இடையில் உள்ள உறவு அவனுக்குத் தெரியும். முதலாளியைக் கேட்கத் துணிவில்லை. அந்தக் கோபமெல்லாம் வேலையாட்கள் மீது பாய்கிறது.

மோசமான நடிகர் கையில் இது கேலிக்குரிய பாத்திரமாகப் போயிருக்கும். கொன்சாலெஸ் அவனை வெறுக்கவைக்கிறார், அதே நேரத்தில் இரங்கவும் வைக்கிறார். ஒரு கொடிய ஒழுங்கை உச்சியில் இருப்பவர்கள் மட்டும் நடத்துவதில்லை, தானும் அவமானப்பட்டபடி கீழே அவமானத்தைக் கடத்தும் ஆயிரம் தொன் பெத்ரோக்களும் சேர்ந்துதான் நடத்துகிறார்கள் என்பதை அவர் வசனமின்றியே விளக்குகிறார். இந்தப் படத்துக்காக ஆல்பிரெடோ லாந்தாவும் பிரான்சிஸ்கோ ராபாலும் கான் விழாவில் சிறந்த நடிகர் விருதைப் பகிர்ந்துகொண்டனர்.

பருப்புப் பானையும் வாங்காத சைக்கிளும்

கொன்சாலெஸின் மிகப் பெரிய பாத்திரம் மேடையிலிருந்து வந்தது. நடிகரும் இயக்குநருமான பெர்னாண்டோ பெர்னான் கோமெஸ், யுத்தகால மட்ரிட்டில் பதின்ம வயதைக் கழித்தவர். 1977இல் அவர் ‘லாஸ் பிசிக்லேத்தாஸ் சோன் பாரா எல் வேரானோ’ (சைக்கிள்கள் கோடைகாலத்துக்கானவை) என்னும் நாடகத்தை எழுதினார். லோபே தெ பேகா விருது பெற்ற அந்த நாடகம் 1982 ஏப்ரல் 24ஆம் திகதி மட்ரிட்டின் தெயாத்ரோ எஸ்பான்யோலில் ஹோசே கார்லோஸ் பிளாசாவின் இயக்கத்தில் அரங்கேறியது. தகப்பன் தொன் லூயிஸாக நடித்தவர் கொன்சாலெஸ். 1984இல் ஹைமே சாவர்ரி அதைத் திரைப்படமாக்கியபோதும் அதே பாத்திரம் அவருக்கே வழங்கப்பட்டது. அம்பாரோ சோலெர் லேயால் மனைவியாகவும், விக்டோரியா அப்ரில் மகளாகவும், புதுமுகமான கபினோ டியேகோ மகனாகவும் நடித்தனர்.

கதை 1936 கோடையில் தொடங்குகிறது. மகன் லூயிஸித்தோவுக்கு ஒரு சைக்கிள் வேண்டும். பௌதிகவியலில் அவன் சித்தியடையவில்லை. சித்தியடைந்தபின் வாங்கலாம் என்று தகப்பன் ஒத்திவைக்கிறார். அதற்குள் யுத்தம் வந்துவிடுகிறது. நாடகத்தில் போர்க்களம் இல்லை. ஒரு மாடிக்குடியிருப்பு, ஒரு சாப்பாட்டு மேசை, குண்டுவீச்சின்போது ஒதுங்கும் கீழ்த்தளம், அயலவர்கள் என அவ்வளவுதான். முற்றுகையிடப்பட்ட மட்ரிட்டின் மூன்று வருடங்கள் அந்த மேசையில் குறைந்துகொண்டே போகும் உணவின் வழியாகக் காட்டப்படுகின்றன.

இதன் உச்சம் பருப்புக் காட்சி. பானையில் வைத்த பருப்பு ஒவ்வொரு நாளும் குறைவதைத் தாய் கவனிக்கிறாள். யாரோ திருடுகிறார்கள் என்ற சந்தேகம் வேறு ஆட்கள் மீது போகிறது. தகப்பன் குடும்பத்தை இருத்தி விசாரிக்கிறார். அப்போது ஒவ்வொருவராக ஒப்புக்கொள்கிறார்கள்: யாரும் பார்க்காத நேரத்தில் ஒரே ஒரு கரண்டி. மகன் ஒரு கரண்டி, மகள் ஒரு கரண்டி, தகப்பனும் ஒரு கரண்டி. திருடன் என்று ஒருவரும் இல்லை, வீடு முழுவதும் பசி மட்டும்தான். வெட்கமும் அன்பும் ஒரே நேரத்தில் மேசையைச் சூழ்கின்றன. வாழ்நாள் முழுக்கக் கத்துவதற்குப் பேர்போன நடிகர், இந்தப் படத்தில் தன் குரலைத் தாழ்த்திக்கொண்டார். அந்தத் தாழ்வுதான் பார்ப்பவரின் தொண்டையை அடைக்கிறது.

கடைசிக் காட்சியில் யுத்தம் முடிந்திருக்கிறது. தகப்பனும் மகனும் நகரின் விளிம்பில், பதுங்குகுழிகள் வெட்டப்பட்ட வெளியில் நடக்கிறார்கள். யுத்தம் தொடங்குமுன் மகனும் அவன் நண்பனும், இங்கெல்லாம் சண்டை நடக்கச் சாத்தியமே இல்லை என்று பேசிக்கொண்டிருந்த அதே இடம். தொழிற்சங்க வேலைகளில் ஈடுபட்டதற்காகத் தான் கைதாகலாம் என்பதைத் தகப்பன் மகனுக்குத் தெரிவிக்கிறார். படிக்கவேண்டிய பிள்ளை வேலைக்குப் போகவேண்டியிருக்கிறது. சமாதானம் வந்துவிட்டது என்று அம்மா மகிழ்ந்ததை மகன் நினைவூட்ட, தகப்பன் அந்தச் சொல்லைத் திருத்துகிறார். வந்திருப்பது வென்றவர்களின் காலம் என்பதை அமைதியாகப் புரியவைக்கிறார்.

இந்த வேறுபாடு ஒரு நாடகாசிரியரின் சொல் விளையாட்டு அல்ல. 1939 ஏப்ரல் 1ஆம் திகதி யுத்தம் முடிந்ததாக அறிவித்த பிராங்கோ அரசு, அந்த ஆண்டை ‘வெற்றியின் ஆண்டு’ என்றே உத்தியோகபூர்வ ஆவணங்களில் குறித்தது. அதற்கு முன்பே, 1939 பெப்ரவரியில், அரசியல் பொறுப்புகள் சட்டம் கொண்டுவரப்பட்டிருந்தது. அது 1934 ஒக்ரோபர் வரை பின்னோக்கிச் சென்று, குடியரசை ஆதரித்தவர்களைத் தண்டிக்க வழிசெய்தது. செய்தபோது குற்றமாக இல்லாத ஒன்று, தோற்றபின் குற்றமானது. தொன் லூயிஸின் அச்சம் இலட்சக்கணக்கான வீடுகளில் இருந்த அச்சம். 1964இல் அதே அரசு ‘இருபத்தைந்து ஆண்டுச் சமாதானம்’ என்று நாடெங்கும் விழா எடுத்தது. வெற்றி என்ற சொல் மெல்ல மெல்லச் சமாதானம் என்று பெயர் மாற்றப்பட்டது. தோற்ற வீடுகளுக்குள் இருந்தவர்கள் அந்த வேறுபாட்டைப் பேசாமல் காத்துவைத்திருந்தார்கள். 1982இல் கொன்சாலெஸ் அதை மேடையில் உரத்துச் சொன்னபோது, அரங்கில் இருந்தவர்களுக்கு அது நாற்பத்து மூன்று வருடம் பிந்திய செய்தி.

யுத்தத்தின் ஏனைய அறைகள்

கொன்சாலெஸ் நடித்த வேறு சில படங்களும் இதே வீட்டின் மற்ற அறைகள் போன்றவை.

பெர்லாங்காவின் ‘லா வாக்கிய்யா’ (இளம் பசு, 1985): எதிரித் தரப்புக் கிராமத்தின் திருவிழாவைக் கெடுக்க, குடியரசுச் சிப்பாய்கள் ஐவர் மாறுவேடத்தில் அங்குள்ள பசுவைக் கொல்லப் போகிறார்கள். கொன்சாலெஸ் இதில் பிராங்கோ தரப்பு இராணுவ அதிகாரி. முடிவில் பசு இரு தரப்புக்கும் கிடைக்காமல் நடுவெளியில் செத்துக் கிடக்கிறது. கழுகுகள் இறங்குகின்றன. 1950களில் எழுதப்பட்ட இந்தத் திரைக்கதை, தணிக்கை காரணமாகப் பல தசாப்தங்கள் காத்திருந்தது.

பெர்னான் கோமெஸின் ‘மம்ப்ரூ சே புவே ஆ லா கெர்ரா’ (மம்ப்ரூ போருக்குப் போனான், 1986): யுத்தத்தில் இறந்ததாக ஊரே நம்பிய ஒருவர், தன் வீட்டு நிலத்தடியில் ஏறத்தாழ நாற்பது ஆண்டுகள் ஒளிந்திருந்து பிராங்கோவின் மரணத்தின் பின் வெளியே வருகிறார். அப்போதுதான் குடியரசுத் தரப்பில் இறந்தவர்களின் விதவைகளுக்கு ஓய்வூதியம் வழங்கப்படப் போவது தெரியவருகிறது. உயிரோடு திரும்பியவர், பத்திரத்தின்படி இறந்தவராகவே இருப்பது குடும்பத்துக்கு இலாபம். சிரிக்கவைத்துக்கொண்டே நெஞ்சை அறுக்கும் கதை. கொன்சாலெஸ் அந்தக் குடும்பத்தவருள் ஒருவராக வருகிறார்.

ஹோசே லூயிஸ் கார்சியின் ‘வொல்வேர் ஆ எம்பெசார்’ (மீண்டும் தொடங்க, 1982): நாடுகடந்து அமெரிக்காவில் வாழ்ந்த முதிய எழுத்தாளர், நோபல் பரிசு பெற்றபின் தன் ஊரான ஹிஹோனுக்கு, இளமைக் காதலியைப் பார்க்கத் திரும்புகிறார். பெரிய மனிதர் வந்துவிட்டார் என்று பதறித் துடிக்கும் ஹோட்டல் முகாமையாளராகக் கொன்சாலெஸ் படத்தின் சோகத்தைச் சமன்செய்கிறார். ஒஸ்கார் வென்ற முதலாவது ஸ்பானியப் படம் இது. ஆக, ஒஸ்கார் வென்ற இரண்டு ஸ்பானியப் படங்களில் அவர் இருக்கிறார்.

தொலைக்காட்சியும் இறுதி மேடையும்

ஒரே ஒரு அரச தொலைக்காட்சி இருந்த காலத்தில், மேடை நாடகங்களை வீடுகளுக்குக் கொண்டுவந்த ஒளிபரப்புகள் ஸ்பெயினின் மேடை நடிகர்களைக் கிராமங்கள் வரை கொண்டுசென்றன. கொன்சாலெஸின் குரலும் அவ்வாறே பரவியது. தனியார் தொலைக்காட்சி வந்தபின், அன்தெனா 3 ஒளிபரப்பிய ‘லோஸ் லத்ரோனெஸ் வான் ஆ லா ஒபிசினா’ (திருடர்கள் அலுவலகம் போகிறார்கள், 1993–1996) தொடரில் பெர்னான் கோமெஸ், லோபெஸ் பாஸ்கெஸ், அலெக்சாந்த்ரே ஆகியோருடன் நடித்தார். வயதான மேதைகள் ஒரு மதுச்சாலையில் கூடி அற்பத் திருட்டுகளைத் திட்டமிடும் நகைச்சுவைத் தொடர் அது.

நீண்டகாலம் அவருடன் இணைந்து வாழ்ந்த மரியா லூயிசா போந்தேயும் சிறந்த துணை நடிகை. ஊர் ஊராக அலையும் நாடகக் குழுவைச் சினிமா விழுங்குவதைச் சொல்லும் பெர்னான் கோமெஸின் ‘எல் வியாஹே ஆ நிங்குனா பார்த்தே’ (எங்குமில்லாத பயணம், 1986) படத்தில் இருவரும் நடித்தனர்.

ஸ்பெயினின் உயர் திரைவிருதான கோயா அவருக்குக் கிடைக்கவேயில்லை. பரிந்துரைப் பட்டியலில் பெயர் வந்தது, விருது வேறு கைகளுக்குப் போனது. 2004இல், எழுபத்து நான்கு வயதில், தன்னைவிட மூத்தவர்களான லோபெஸ் பாஸ்கெஸ், அலெக்சாந்த்ரே ஆகியோருடன் ‘மூன்று மனிதர்களும் ஒரு விதியும்’ என்ற பெயரில் ஒரு நாடகத்தில் மேடையேறினார். 2005 ஜனவரி 16ஆம் திகதி மட்ரிட்டில் நிமோனியாவால் காலமானார். மற்ற இருவரும் 2009இலும் 2010இலும் மறைந்தனர். அத்துடன் ஒரு தலைமுறை முடிந்தது.

எங்கிருந்து பார்க்கத் தொடங்கலாம்

ஒரே ஒரு படம் பார்க்க நேரமிருந்தால் ‘சைக்கிள்கள் கோடைகாலத்துக்கானவை’. இரண்டு என்றால் அதனுடன் ‘புனித அப்பாவிகள்’. முதலாவதில் அவர் தோற்ற வீட்டின் தகப்பன், இரண்டாவதில் வென்ற ஒழுங்கின் சேவகன். ‘தேசியத் துப்பாக்கி’யை மூன்றாவதாகப் பார்ப்பது நல்லது. யார் யாரைப் பார்த்துச் சிரிக்கிறோம் என்பது அதற்குள் தெளிவாகியிருக்கும்.

யுத்தங்களைப் பற்றிய படங்கள் பெரும்பாலும் தளபதிகளையும் வீரர்களையும் தேடிப் போகின்றன. அகுஸ்தின் கொன்சாலெஸ் விட்டுச்சென்ற பாத்திரங்களில் ஒரு தளபதிகூட நினைவில் நிற்பதில்லை. பானையில் பருப்பு குறைவதைப் பார்த்துக்கொண்டிருந்த ஒரு தகப்பன் நிற்கிறார்.